இல்லத் தலைவர் பார்த்துக்கொண்டிருக்கிறார்

இல்லை, அந்தப் பென்டிரைவை நான் வாங்கவே இல்லை. முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். வாங்கினேன் என்று ஓடைப்பட்டியில் பாதிப் பேர் சொல்கிறார்கள். வாங்கியிருந்தால் இவ்வளவு நடந்திருக்காது என்று மீதிப் பேர் சொல்கிறார்கள். இரண்டாவது கூட்டம் சொல்வதில் கொஞ்சம் நியாயம் இருக்கிறது.

பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே மொபைல் கடை வைத்திருக்கும் கருத்தக்கண்ணன் அண்ணன் அதை என் கையில் திணிக்கத்தான் பார்த்தார்.

"ஏத்தா வேலு, உங்கண்ணன் படத்த ஊரே பாத்துருச்சு. திராட்சை ஏத்த வந்த லாரிக்காரன்கூடப் பாத்துட்டுப் பயந்துபோயி வண்டியிலயே படுத்துக்கிட்டான். நீ மட்டும் டிவியில ஆப்பு, ஆப்புன்னு அலையுற. இந்தா புடி."

"அம்மா வேணாம்னுருச்சுண்ணே. திருட்டுச் சாமான் வீட்டுக்குள்ள வரக்கூடாதாம். அப்பா பக்கத்துத் தோட்டத்துக் குலையக்கூடத் தொட்டதில்லையாம்."

"அப்படியா? உங்கப்பாரு பேருல இன்னும் ரேசன் அரிசி வாங்குறீகளே, அது என்ன சாமான்?"

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் அப்படியே சொன்னேன். என் அம்மா கஸ்தூரியம்மாள் அரிசி களைந்துகொண்டிருந்தாள். நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"அது அவுக பங்கு."

என் அப்பா சீனிச்சாமி இறந்து இரண்டு வருடம் ஆகிறது. முன்பொருமுறை திராட்சைப் பந்தலுக்குக் கம்பி இழுக்கும்போது கல்தூணிலிருந்து விழுந்தவர். அதற்கப்புறம் இடது காலை ஒரு இழுப்பு இழுத்துத்தான் வைப்பார். ஓர் எட்டு, ஓர் இழுப்பு. அந்தச் சத்தம் வாசலுக்கு வருவதற்குள் நானும் அண்ணன் மகிழனும் டிவியை அணைத்துவிட்டுப் புத்தகத்தைத் திறந்துவிடுவோம். அப்புறம் ஒரு நாள் மாரடைப்பு வந்து பந்தலுக்கடியிலேயே போய்விட்டார்.

அன்றைக்கு மகிழன் ஐதராபாத்தில் ஒரு ரப்பர் சட்டைக்குள் இருந்தான். 'கீழ்த்தளம் பதினொன்று' என்ற படத்தில் அவன்தான் அந்தப் பிராணி. சட்டையைக் கழற்றவே மூன்று மணி நேரமாகும். போன் யாரோ உதவியாளரிடம் இருந்தது. அவன் வந்து சேர்ந்தபோது சாம்பல்தான் மிச்சம். "அப்பனத் தூக்கயில வராதவனுக்கு இங்கன என்ன வேலை" என்று அம்மா கதவடைத்தாள். இரண்டு வருடமாக அவன் வீட்டுப்படி ஏறவில்லை.

படம் வெளியான பிறகு ஒரு நாள் அம்மா தானாகவே சொன்னாள்: "உங்கப்பனவிடப் பெருசா அப்படி என்னத்த நடிச்சுக் கிழிச்சான்னு ஒருவாட்டி பாக்குறேன். பாத்துட்டுச் சொல்றேன், அவன் வரலாமா வேணாமான்னு."

சென்னையில் இருந்த மகிழனுக்கு உடனே போன் போட்டேன். "வேலு, அடுத்த வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஏழு மணிக்குப் படத்த எடுத்துருவாக. அதுக்குள்ள காட்டிரு" என்றான்.

பத்து நாள் இருந்தது. படம் ஒரு மணி ஐம்பது நிமிடம். என்ன பெரிய விஷயம் என்று நினைத்தேன்.

தியேட்டரைவிட்டுப் போன படத்தை முறையாகப் பார்க்க ஒரே வழி நேர்த்திரை என்ற செயலி. அதை நடத்துவது 'முறையான பார்வை வாரியம்' என்ற அரசு அமைப்பு. மாவட்டத்துக்கு ஓர் அலுவலகம்; நம்முடையது பெரியகுளத்தில். டிவியில் செயலியைத் திறந்ததும் 'பாதுகாப்பான பார்வைப் பயிற்சி' என்று ஒரு காணொளி ஓடியது. இரண்டு மணி பத்து நிமிடம். தாண்டிப் போக முடியாது. கண்ணை மூடினால் முதலிலிருந்து தொடங்கும். நான்கு முறை தொடங்கியது. முடிவில் பத்துக் கேள்விகள். ஏழாவது கேள்வி இப்படி: 'பிராணி திரையைவிட்டு வெளியே வந்தால் என்ன செய்வீர்கள்?' கத்துவோம், ஓடுவோம், டிவியை அணைப்போம் என்று மூன்றையும் போட்டுப் பார்த்தேன். எல்லாமே தவறு. சரியான விடை: 'மாவட்ட அலுவலகத்தில், வேலை நாளில், எழுத்து மூலம் தெரிவிப்போம்.'

அதோடு மூன்று நாள் போயிற்று.

சனிக்கிழமை காலை செயலி டிவி கேமராவில் குடும்ப அட்டையைக் காட்டச் சொன்னது. காட்டினேன். டிவி ஒரு பெண் குரலில் பேசியது. சாந்தமான குரல்தான், ஆனால் மூச்சே விடாது.

"உங்கள் இல்லத்தில் நால்வர். அனைவரின் முகமும் தேவை."

அம்மா முகம், என் முகம் பதிவாயின. சென்னையிலிருந்து மகிழன் போனில் முகத்தைக் காட்டினான், அதுவும் பதிவாயிற்று.

"இல்லத் தலைவர் சீனிச்சாமி, முகத்தைக் காட்டவும்."

"விட்டுரும்மா. அட்டையில பேர எடுத்துட்டு வேற மாதிரி முயற்சி பண்ணுவோம்" என்றேன்.

"பேர எடுக்கிறதா? பேச்ச விடு." அம்மா போய்ச் சுவரிலிருந்து அப்பா படத்தை இறக்கிக்கொண்டு வந்தாள். "அவுக முகந்தான கேக்குது? காட்டுனா என்னா?"

நெஞ்சோடு அணைத்தபடி டிவிக்கு நேராகப் பிடித்தாள்.

"முகத்தை மறைக்கும் பொருளை அகற்றவும்."

அம்மா சந்தன மாலையைக் கழற்றினாள்.

"நன்றி. கண் சிமிட்டவும்."

நாங்கள் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். எனக்குச் சிரிப்பு வந்தது. அந்த நேரம் பக்கத்துத் தோட்டத்தில் மோட்டார் போட்டார்கள். எங்கள் வீட்டு டியூப்லைட் ஒரு தடவை மங்கி, பிறகு எரிந்தது.

"நன்றி. கண் சிமிட்டல் பதிவானது."

எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. அம்மா படத்தைத் தன் பக்கம் திருப்பி வெகுநேரம் பார்த்தாள். பிறகு ஆணியில் மாட்டினாள். மாலையைத் திரும்பப் போடவில்லை.

அடுத்து டிவி சொன்னது: "திகில் படங்களுக்கு இல்லத் தலைவரின் அனுமதி தேவை. அவருடைய எண்ணுக்குச் செய்தி அனுப்பியுள்ளோம்." அப்பாவின் எண் இப்போது யாரிடம் இருக்கிறதோ தெரியாது. திங்கள்கிழமை சின்னமனூர் போய், தேனி போய், அங்கிருந்து இன்னொரு பஸ் பிடித்துப் பெரியகுளம் போனேன்.

அலுவலக வாசலில் ஒரு பலகை: 'இங்கு படம் காட்டப்படாது.' உள்ளே மாவட்டப் பார்வை அலுவலர் சங்கரலிங்கம் உட்கார்ந்திருந்தார். மேசைமேல் ஒரு தாள்கூட இல்லை. எதிரே நாற்காலி இருந்தது. உட்காரச் சொல்லவில்லை.

"தலைவர் ஏன் நேர்ல வரல?"

"வர முடியாது சார்."

"வெளியூரா?"

ரேசன் அரிசி நினைவுக்கு வந்தது. "ஆமா சார். ஒரு வகையில."

"சரி. தலைவர் வர முடியலைன்னா அவர் கணக்க நாங்க எடுத்துப் பரிசோதிச்சுத் தருவோம். பயப்படாத, இந்த ஆபீஸ் கம்ப்யூட்டரத் தவிர வேற எங்கயும் அது தொறக்காது. பாதுகாப்புன்னா எங்களுக்கு உயிரு பாப்பா. எங்க மூலமா இந்த மாவட்டத்துல ஒருத்தர்கூடப் பாதுகாப்பில்லாமப் படம் பாத்தது கிடையாது."

"எத்தனை பேரு பாத்திருக்காக சார்?"

"ஒருத்தரும் இல்ல. அதத்தான சொல்றேன்." அவர் முகம் பெருமையில் மலர்ந்தது. "எந்தப் படம்னு சொன்ன?"

"'கீழ்த்தளம் பதினொன்று' சார்."

"ஐயோ, அதுவா! ஆறு பேரு லிப்டுல எறங்குவாக. லிப்டு ஏழு பேருன்னு காட்டும். அந்த எடத்துல நான் நாற்காலியவிட்டு எந்திரிச்சுட்டேன்."

"நீங்க எங்க சார் பாத்தீங்க?"

"கைப்பற்றின பென்டிரைவு. சட்டவிரோதமா இல்லையான்னு முழுசாப் பாத்தாத்தானே தெரியும்? ஊழியர்களோட ரெண்டு தடவ பாத்தோம். சட்டவிரோதந்தான். ஆனா பிரதி சரியில்ல. நடுவுல யாரோ எந்திரிச்சு வெளிய போறாக, கடைசி அரைமணி நேரம் கருப்பாக் கெடக்கு. முடிவு என்னன்னே தெரியல." பெருமூச்சு விட்டார். "முறையான பிரதியில பாத்தாத்தான் திருப்தி."

செவ்வாய்க்கிழமை காலை பத்தேகால் மணிக்கு எங்கள் டிவி தானாக ஒளிர்ந்தது. திரையில் ஒரே வரி.

'சீனிச்சாமி பார்த்துக்கொண்டிருக்கிறார்.'

கீழே சிறு எழுத்தில்: 'இல்லத் தலைவர் தொடங்கிய படத்தை அவர் முடிக்கும்வரை மற்றவர்கள் தொடங்க இயலாது. அவருடன் சேர்ந்து பார்க்க விண்ணப்பிக்கலாம்.' விண்ணப்பித்தேன். 'நிலுவையில்' என்று வந்தது.

அம்மா அடுப்படியிலிருந்து கேட்டாள்: "என்னவாம்?"

படித்துச் சொன்னேன்.

அம்மா கரண்டியோடு வந்து நின்று அந்த வரியைப் பார்த்தாள். எழுத்துக் கூட்டிப் படித்தாள். "எம்புட்டு நேரமாப் பாக்குறாக?" என்றாள்.

நிமிடங்கள் விட்டுவிட்டு ஏறின. ஒரு மணிக்குச் சட்டென்று நின்றது. நாற்பத்து மூன்றாவது நிமிடம். இரண்டு பத்துக்கு மறுபடி ஓடியது.

"சாப்பிட்டுட்டு ஒரு கண்ணு அசருவாக" என்றாள் அம்மா. "சரியாத்தான் இருக்கு."

எனக்கு அப்போதுதான் பொறி தட்டியது. பத்தேகாலுக்குத் தொடக்கம். ஒரு மணிக்குச் சாப்பாடு. நடுவில் பத்து நிமிடம் ஓட்டம், அரைமணி நேரம் நிறுத்தம், கோப்பு பார்ப்பதுபோல. ஐந்தே முக்காலுக்கு முற்றிலும் நின்றது. புதன்கிழமை அசையவே இல்லை. அன்றைக்கு அவர்களுக்கு ஆய்வுக் கூட்டம் என்று பிறகு தெரிந்தது. செத்துப்போன என் அப்பா அரசாங்க வேலை நேரத்தில் படம் பார்த்துக்கொண்டிருந்தார்.

வியாழக்கிழமை மறுபடி பெரியகுளம். இந்த முறை உள்ளறைக் கதவு ஒருக்களித்திருந்தது. இருட்டுக்குள் நான்கு நாற்காலிகள், நான்கு தலைகள், நடுவில் வடைத்தட்டு. யாரோ வீறிட்டார்கள். படத்திலா, நாற்காலியிலா என்று தெரியவில்லை. சங்கரலிங்கம் வேகமாக வெளியே வந்து கதவைச் சாத்தினார். உதட்டில் சட்னி.

"உள்ள ஆய்வு நடக்குது."

"சார், எங்கப்பா செத்து ரெண்டு வருசமாச்சு."

அவர் உதட்டைத் துடைத்தார். அவசரப்படவில்லை. கோபப்படவும் இல்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

"இந்த மாவட்டத்துல எங்களுக்கு இருக்குற ஒரே முறையான பார்வையாளர் அவரு. அவரப் போயி செத்துட்டாருங்கற."

"ஊருக்கே தெரியும் சார். பந்தலுக்கடியில..."

"எங்க பதிவுல கண் சிமிட்டியிருக்காரு. அதுக்கு ஆதாரம் இருக்கு. நீ இப்ப என் முன்னால சிமிட்டுனியே, அதுக்கு என்ன ஆதாரம்?" மேசைமேல் சாய்ந்து குரலைத் தாழ்த்தினார். "செத்துட்டாருன்னு எழுதிக் குடு, பதிஞ்சுக்கிறேன். பதிஞ்சா அவர் பாத்ததெல்லாம் திருட்டுப் பார்வை ஆயிரும். அவரு போட்டோவப் புடிச்சுக் காட்டுன கை எங்க பதிவுல இருக்கு, அது யாரு? உங்கம்மா. ரெண்டு வருசமா அவர் பேருல அரிசி வாங்குனது யாரு? அதுவும் உங்கம்மா. எழுதுறியா?"

பேனாவை என் பக்கம் உருட்டிவிட்டார். அது மேசை விளிம்பில் வந்து நின்றது. நான் தொடவில்லை.

"நல்ல புள்ள. நாளைக்குச் சாயங்காலத்துக்குள்ள முடிச்சிருவோம்." தொண்டையைச் செருமினார். "முடிச்சிருவாரு."

வெளியே வந்தேன். கேட்டில் நின்றிருந்த காவலாளி செல்லப்பாண்டி என்னைப் பார்த்துத் தலையைச் சொறிந்தார்.

"நாளைக்கும் முடிக்க மாட்டாகத்தா. பயங்காட்டுற எடம் வந்தா நிறுத்திட்டு டீ சொல்லிருவாக. ஆபீசப் பூட்டுறது நான்தான். ஏதும் வேணும்னா போனு போடு."

எண்ணை வாங்கிக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமை. காலையிலிருந்தே மேகமலைப் பக்கம் ஒரே கருப்பு. மழையும் இல்லை, காற்றும் இல்லை. பந்தலில் ஓர் இலை அசையவில்லை. அம்மா ஐந்து மணிக்கே முகம் கழுவி, வேறு சேலை மாற்றி, டிவிக்கு முன்னால் வந்து உட்கார்ந்தாள். கோயிலுக்குப் போவதுபோல் இருந்தாள். நான் சும்மா மாற்றிக்கொண்டே இருப்பேன் என்று ரிமோட்டைப் பிடுங்கி, அப்பா படத்துக்குக் கீழே பூத்தட்டில் வைத்துவிட்டாள்.

ஐந்தே முக்காலுக்குப் படம் நின்றது. ஒரு மணி இருபத்தாறாவது நிமிடம். இன்னும் இருபத்து நான்கு நிமிடம் மிச்சம். எங்கள் விண்ணப்பம் நிலுவையில்.

மகிழன் போன் செய்தான். "பாத்துச்சா?"

"இன்னும் இல்லடா."

"சரி, விடு வேலு" என்று சொல்லிவிட்டு வைத்தான். அந்தக் குரலை என்னால் தாங்க முடியவில்லை. பென்டிரைவை வாங்கியிருக்கலாம் என்று அப்போது நினைத்தேன், பொய் சொல்லமாட்டேன்.

ஆறு பத்துக்குச் செல்லப்பாண்டிக்குப் போன் போட்டேன்.

"அண்ணே, சார்கிட்டச் சொல்லி அந்த விண்ணப்பத்த மட்டும் ஏத்துக்கச் சொல்லுங்கண்ணே. இருபத்து நாலு நிமிசந்தான்."

"பூட்டியாச்சேத்தா. சாரு பஸ் ஏறிட்டாரு. மெயின் சுவிச்சையும் எறக்கிட்டேன். உள்ள ஈ காக்கா கிடையாது, சாவி என் மடியில இருக்கு."

"கம்ப்யூட்டரு?"

"கரண்டே இல்லங்கறேன், கம்ப்யூட்டரக் கேக்குற."

அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே டிவியில் அந்த வரி வந்தது.

'சீனிச்சாமி பார்த்துக்கொண்டிருக்கிறார்.'

போன் காதிலேயே இருந்தது. செல்லப்பாண்டி "அலோ, அலோ" என்றார். வரி மறைந்து இன்னொன்று வந்தது.

'உங்கள் விண்ணப்பம் ஏற்கப்பட்டது.'

படம் ஓடத் தொடங்கியது.

பதினொன்றாம் கீழ்த்தளம். ஆறு பேரில் ஒரே ஒருத்திதான் மிச்சம். இரும்புக் கதவுக்குப் பின்னால் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். விளக்கு விட்டுவிட்டு எரிகிறது. பிராணி இன்னும் தெரியவில்லை. தூரத்தில் சத்தம் மட்டும் கேட்கிறது.

ஓர் எட்டு. ஓர் இழுப்பு.

அம்மாவின் கை என் முழங்கையைப் பிடித்தது.

ஓர் எட்டு. ஓர் இழுப்பு. ஈரமான, கருத்த, முகமே இல்லாத ஒன்று திருப்பத்தில் வந்து நின்றது. இடது காலை இழுத்து வைத்தது. எனக்கு டிவியை அணைக்க வேண்டும், புத்தகத்தைத் திறக்க வேண்டும் என்றிருந்தது. அவ்வளவு பழகிய பயம்.

"அவுக நடை" என்றாள் அம்மா. "உங்கப்பன் நடையடி அது. படுபாவிப் பய, அவுகளத்தான் நடந்து காட்டியிருக்கான்."

அந்தப் பெண் தப்பிக்கவில்லை என்பதை மட்டும் சொல்கிறேன். லிப்ட் மேலே வருகிறது. கதவு திறக்கிறது. உள்ளே யாரும் இல்லை. ஆனால் 'ஒருவர்' என்று காட்டுகிறது.

படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கின. நேர்த்திரையில் பெயர்களை யாரும் பார்க்க முடியாது. இரண்டு நொடியில் ஓரமாகச் சுருக்கிவிட்டு வாரியத்தின் விளம்பரத்தைப் போடுவார்கள் என்று மகிழன் புலம்பியிருக்கிறான். இந்த முறை சுருங்கவில்லை. விளக்குப் போட்டவர், சாப்பாடு போட்டவர், வண்டி ஓட்டியவர் என்று எல்லாப் பெயரும் வந்தன. கடைசிக்குச் சற்று முன்னால்:

பிராணி: சீ. மகிழன்

அங்கே நின்றது. அப்படியே நின்றது.

நான் திரும்பிப் பார்த்தேன். ரிமோட் பூத்தட்டில் வைத்தபடி இருந்தது. அம்மா எழுந்திருக்கவில்லை. நானும் எழுந்திருக்கவில்லை. மின்சாரம் இருந்தது, இணையம் இருந்தது. மற்றதெல்லாம் ஓடிக்கொண்டிருந்தது, மின்விசிறி உட்பட. அந்தப் பெயர் மட்டும் அசையவில்லை. ஆறே முக்கால். ஆறு ஐம்பது. அம்மா அதை எழுத்துக் கூட்டிப் படித்தாள். முதலெழுத்தை இரண்டு தடவை.

"அவன வரச் சொல்லு" என்றாள்.

ஏழு மணிக்குத் திரை இருண்டது. 'இப்படம் நீக்கப்பட்டது' என்று வந்தது. அம்மா எழுந்து, மேசை இழுப்பறையில் கிடந்த சந்தன மாலையை எடுத்துத் துடைத்து, அப்பா படத்துக்குப் போட்டாள்.

மகிழன் ஞாயிற்றுக்கிழமை வந்தான். அவனிடம் எல்லாம் சொன்னேன், நம்பவில்லை. திங்கள்கிழமை வாரியத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. கஸ்தூரியம்மாள், மகிழன், வேல்விழி ஆகிய மூவரின் முகப்பதிவு காலாவதியாகிவிட்டதாம். சீனிச்சாமியுடையது மட்டும் செல்லுமாம். அன்றைக்கு மத்தியானமே செல்லப்பாண்டி போன் செய்தார்: "ஏத்தா, வெள்ளிக்கிழமை உங்க வீட்டுல முடிவு பாத்தீகளாமே? சாரு கேக்கச் சொன்னாரு, அந்தப் பொண்ணு தப்பிச்சுதா இல்லையா?"

ஆக, வாரியத்து ஆட்கள் முடிவைப் பார்க்கவில்லை. கருத்தக்கண்ணன் அண்ணனிடம் கேட்டால் நெட் இழுத்திருக்கும், படம் சிக்கி நின்றிருக்கும் என்கிறார். சரி, சிக்கி நின்றது என்றே வைத்துக்கொள்வோம். நூறு பேருடைய பெயர் ஓடியதே, சரியாக அந்த இடத்தில் வந்து ஏன் சிக்க வேண்டும்? பூட்டிய அலுவலகத்திலிருந்து எங்கள் விண்ணப்பத்தை ஏற்றது யார்? நீங்கள் என்ன நினைக்கிறீர்கள், சொல்லுங்களேன்?